உம் கொட்ட ஓர் ஆள்

"சார், மாமனார் வழுக்கி விழுந்துட்டாராம். கால்ல நல்ல அடியாம். எங்க வீட்டுக்குத்தான் வர்றாராம். இன்னிக்கு ஒரு நாள் லீவு வேணும் சார்."

போனின் மறுமுனையில் மேனேஜர், "ம்" என்றார்.

இழுவை போனைக் காதோடு இன்னும் அழுத்திக்கொண்டான். மேனேஜர் எந்தக் காலத்திலும் 'ம்' சொல்கிறவர் அல்ல. "சரி" என்பார், அல்லது "முடியாது" என்பார். பெரும்பாலும் "முடியாது"தான்.

"சார், இப்ப என்ன சார் சொன்னீங்க?"

"ஏத்து அல்லு உடுங்குனேன். ஆயில அஞ்சு."

நேற்றுப் பல்லைப் பிடுங்கியிருக்கிறார், வாயில் பஞ்சு. பஞ்சு அடைத்த வாயால் கஷ்டமில்லாமல் சொல்லக்கூடிய ஒரே பதிலை அவர் சொல்லிவிட்டு போனை வைத்துவிட்டார்.

வேறு வேலையில் இருப்பவன் இப்படிப் பொய் சொல்லி லீவு எடுத்தால் விஷயம் லீவோடு போய்விடும். இழுவையோ கதைகட்டி. ஊரில் எல்லாரும்தான் கதை கட்டுகிறார்கள். ஆனால் முறையாகப் படித்து, அரசாங்கத்திடம் நாக்குச் சீட்டு வாங்கினவன் கட்டினால் அது நடந்துவிடும். அதற்கு இரண்டே நிபந்தனை. சொல்கிற வாக்கியம் 'ஆம்' என்று முடிய வேண்டும். கேட்கிறவர் ஒருவர் அதைக் காதில் வாங்கிக்கொண்டு 'ம்' கொட்ட வேண்டும். "ஒரு ஊர்ல ஒரு மோட்டார் இருந்துச்சாம், அது ஓடுச்சாம்" என்று சொல்லி, பக்கத்தில் ஒருவர் 'ம்' போட்டால் ஓடாத மோட்டார் ஓடும். யாராவது 'ம்ஹும்' என்றுவிட்டால் அந்த வாக்கியம் அங்கேயே செத்தது. 'ம்' விழுந்து கட்டின கதையை அவிழ்க்க முடியாது. மேற்கொண்டு தொடரலாம், அவ்வளவுதான்.

இதனாலேயே கதைகட்டிகள் வீட்டில் யாரும் 'ம்' சொல்வதில்லை. சரி, ஆகட்டும், தெரியுது என்று எதையாவது சொல்லிச் சமாளிப்பார்கள். இதைச் சொல்லிக்கொண்டு போகிற நாமும் எதற்கு வம்பு என்று 'ஆம்' போடாமல்தான் சொல்கிறோம். படிக்கிறவர் பாட்டுக்கு ஒரு 'ம்' கொட்டித் தொலைத்தால் யார் பொறுப்பு?

இழுவை என்ற பேர் ஆபீஸில் வைத்தது. ஒழுகுகிற குழாயை அடைக்கச் சொன்னால், தண்ணீர் மலையில் பிறந்த நாளிலிருந்து கதையை ஆரம்பிப்பான். அன்றைக்கு அவனுக்குப் போட்டிருந்த வேலை பின்சந்துச் சாக்கடை அடைப்பு. அந்தச் சந்தில் மூக்கைப் பிடித்துக்கொண்டு கதை சொன்னால் 'ஆம்' எல்லாம் 'ஆப்' என்று விழும். மூக்கைப் பிடிக்காவிட்டால் கதைகட்டியே விழுந்துவிடுவான். அதற்குப் பயந்துதான் மாமனாரின் காலை இழுத்தான்.

கதைகட்டி மனுஷர் உடம்பில் கதை கட்டக் கூடாது. தெரிந்தால் நாக்குச் சீட்டைக் கிழித்துப் போட்டுவிடுவார்கள். மனைவிக்குத் தெரிந்தால் என்ன கிழியும் என்று அவனால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை.

'போன்ல சொன்னதெல்லாம் எங்க பலிக்கப் போகுது' என்று தன்னையே தேற்றிக்கொண்டு சாய்வு நாற்காலியில் கண்ணை மூடினான். மத்தியானம் வாசலில் ஒரு வாடகை வண்டி வந்து நின்றது.

வண்டியிலிருந்து முதலில் மாவுக்கட்டுப் போட்ட ஒரு கால் இறங்கியது. பின்னாலேயே மாமனார் இறங்கினார்.

"பிரேக் காலே போச்சு மாப்பிள்ளை!"

மாமனார் ஆயுசு முழுக்க பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். கல்யாணம் ஆன நாளிலிருந்து இந்த வாசப்படி மிதிக்காதவர். "வாயை வாடகைக்கு விட்டுப் பொழைக்கிறவன் வீட்ல எனக்கென்ன வேலை?" என்று நாலு பேர் எதிரில் சொன்னவர். மாமியார் போன பிறகு தனியாகவே பொங்கித் தின்றுகொண்டிருந்தார். அதை நினைத்து மகள் அழாத நாளில்லை. "நீங்க ஒரு வார்த்தை கூப்பிட்டா வந்துடுவாருங்க" என்று அவளும் கேட்டுக்கொண்டே இருந்தாள். "பாக்கலாம்" என்று இவனும் சொல்லிக்கொண்டே இருந்தான்.

மனைவி தையல் மெஷினை விட்டுவிட்டு ஓடி வந்தாள். பள்ளிக்கூடச் சீருடை தைத்துக்கொண்டிருந்தவள், தோளில் தொங்கின அளவு நாடாவோடு அப்பாவைக் கட்டிக்கொண்டாள்.

"எப்படிப்பா விழுந்தீங்க?"

"அதான்மா புரியல. தரை காஞ்சு கெடக்குது. வழுக்க ஒண்ணுமே இல்ல. யாரோ காலைப் பிடிச்சு இழுத்த மாதிரி இருந்துச்சு. விழுந்த மறு நிமிஷம், மக வீட்டுக்குப் போகணும்னு ஒரே எண்ணம்."

மனைவி திரும்பிக் கணவனைப் பார்த்தாள்.

"ஏங்க, நீங்க எங்கயாவது கதை கிதை விட்டீங்களா?"

"நானா? லீவு நாள்ல நான் எதுக்குக் கதை விடப் போறேன்?"

"இன்னிக்கு லீவா? சொல்லவே இல்லையே."

"அது... திடீர்னு குடுத்தாங்க."

"சரி" என்றாள் அவள். அந்தச் 'சரி'யில் இருந்த ஏதோ ஒன்று அவன் முதுகில் ஊர்ந்தது.

சாயங்காலத்துக்குள் மாமனார் வலியில் முனக ஆரம்பித்தார். இழுவைக்கு மனசு கேட்கவில்லை. மேனேஜர் நேரில் விசாரிக்க வருவதற்குள் காலைச் சரிசெய்து ஆளை அனுப்பிவிட்டால் பாவமும் போகும், பயமும் போகும். ஆனால் 'ம்' சொல்ல ஆள் வேண்டுமே. ஆபீஸில் 'ம்' போடவென்றே வைத்திருக்கிற உம்கொட்டியைக் கூப்பிட்டால், அவன் நேராக மேனேஜரிடம் போய்ப் போட்டுக்கொடுப்பான். அக்கம்பக்கத்தில் கேட்டால் ஊரே சிரிக்கும்.

அப்போதுதான் தையல் அறையிலிருந்து மனைவியின் குரல் வந்தது.

"ம்... சொல்லுடி... ம்... அப்புறம்?"

தங்கையோடு போன் பேசுகிறாள். கழுத்துக்கும் தோளுக்கும் நடுவே போனை இடுக்கிக்கொண்டு, கையால் துணியைத் தள்ளிக்கொண்டு, வஞ்சனையில்லாமல் 'ம்' கொட்டிக்கொண்டிருந்தாள். இத்தனை வருஷமாக இந்த வீட்டில் 'ம்'முக்குப் பஞ்சம். இப்போது அது வெள்ளமாக ஓடுகிறது!

காதில் வாங்காமல் கொட்டுகிற உம் காற்றோடு போய்விடும் என்பதுதான் அவன் படித்த பாடம். ஆனாலும் ஆபத்துக்கு என்ன பாடம்? கதவு ஓரம் ஒண்டிக்கொண்டு மெதுவாக ஆரம்பித்தான்.

"ஒரு ஊர்ல ஒரு மாமனார் இருந்தாராம்."

"ம்."

"அவர் கால்ல அடிபட்டுச்சாம்."

"ம்."

"மறுநாளே கால் குணமாகி, அவர் பாட்டுக்கு வீட்டுக்குத் திரும்பிப் போயிட்டாராம்."

தையல் மெஷின் நின்றது. "ம்ஹும்! அதெல்லாம் கூடவே கூடாது. நல்லா இருக்கே நியாயம்!" என்றாள் போனில்.

இழுவை நெற்றியில் அடித்துக்கொண்டான். சரியான வாக்கியத்தில் வந்து அந்தத் தங்கச்சி என்ன உளறினாளோ! கிடைத்தவரைக்கும் லாபம் என்று மாற்றிப் போட்டான்.

"மாமனாருக்கு வலி மட்டும் சுத்தமா தெரியலையாம்."

"ம்." மெஷின் மறுபடி ஓடியது.

கூடத்திலிருந்து ஒரு கூவல். "மாப்பிள்ளை! வலி போன இடம் தெரியல!"

பலித்துவிட்டது. 'பாடம் எழுதினவனுக்கு என்ன தெரியும்? காதுல விழுந்தாலே போதும்போல' என்று இழுவை பூரித்துப்போனான்.

அந்தப் பூரிப்பு மறுநாள் காலைவரைகூட நிற்கவில்லை. வலியில் முனகுகிற மாமனாரையாவது படுக்க வைக்கலாம். வலியில்லாத மாமனாரை என்ன செய்வது? அவர் சாய்வு நாற்காலியைப் பிடித்துக்கொண்டு வீட்டை ஓட்ட ஆரம்பித்துவிட்டார்.

"நேரா வாங்க மாப்பிள்ளை. ஸ்டூலுக்கு லெஃப்ட்ல ஒடிங்க. எதிர்ல துணிக்கூடை வருது, நின்னு போங்க. ரைட், போலாம்!"

பாத்ரூம் போகவும் வரவும் அவரிடம் சிக்னல் வாங்க வேண்டியிருந்தது. ஒருமுறை அவசரத்தில் சிக்னல் இல்லாமல் போனதற்கு, திரும்பி வரும்போது பிடித்து வைத்துக் கால் மணி நேரம் சாலை விதி சொன்னார்.

அன்று சாயங்காலம் மனைவி போனை எடுத்ததும் இழுவை கதவோரம் ஆஜரானான்.

"மாமனாருக்கு அந்த வீடு பிடிக்கவே இல்லையாம்."

"ம்ஹும். பொய் சொல்லாதடி."

"மாமனாருக்குத் தன் வீட்டு ஞாபகம் வந்துச்சாம்."

மெஷின் கொஞ்சம் யோசிப்பதுபோல் நின்று, பிறகு ஓடியது. "ம்."

ஜெயித்துவிட்டோம் என்று படுத்தான். காலையில் வாசலில் லாரி நின்றது.

"வீட்டு ஞாபகமாவே இருந்துச்சு மாப்பிள்ளை," என்றார் மாமனார் சந்தோஷமாக. "அதான், வீட்டையே இங்க கொண்டாரச் சொல்லிட்டேன்."

கட்டில் வந்தது. பீரோ வந்தது. கடைசியாக, ஓய்வு பெற்ற நாளில் டிப்போவிலிருந்து ஞாபகார்த்தமாகக் கழற்றி வந்த டிரைவர் சீட்டும், அதோடு ரப்பர் உருண்டை வைத்த ஒரு ஹாரனும் வந்தன. சாய்வு நாற்காலி மொட்டைமாடிக்குப் போனது. அந்த இடத்தில் டிரைவர் சீட் உட்கார்ந்தது. இழுவை அன்று ஹாரன் சத்தத்தில்தான் காபி குடித்தான். ஒவ்வொரு வாய்க்கும் ஒரு ஹாரன்.

"ஏம்மா, உங்க அப்பா எப்பப் போவாரு?" என்று மனைவியிடம் நேராகவே கேட்டுப் பார்த்தான்.

"கால் உடைஞ்ச மனுஷனைப் போய் விரட்டுறீங்களே, அவரைத் தள்ளிவிட்டவன் நல்லா இருப்பானா?" என்றாள் அவள்.

இழுவை அங்கிருந்து நழுவினான். மூன்றாவது தடவையாகக் கதவோரம் போய் நின்றபோது அவனுக்கே தன்மேல் எரிச்சலாக இருந்தது.

"மாமனாருக்கு மருமகனைக் கண்டாலே ஆகலையாம்."

"ம்ஹும். வாயைக் கழுவுடி."

அவன் யோசித்தான். மரியாதை இருந்தால் மனிதர்கள் தள்ளி நிற்பார்கள். மேனேஜர் மேல் மரியாதை இருப்பதால்தானே நாம் அவர் பக்கமே போவதில்லை?

"மாமனாருக்கு மருமகன் மேல ரொம்ப மரியாதையாம்."

"ம்! ம்!" என்று இரட்டையாக விழுந்தது.

மறுநாள் இழுவை வேலைக்குக் கிளம்பும்போது, இரண்டு கட்டைகளை அக்குளில் ஊன்றிக்கொண்டு மாமனார் வாசலில் தயாராக நின்றார்.

"உங்க தொழிலைத் தப்பா நினைச்சுட்டேன் மாப்பிள்ளை. இன்னிக்குக் கூட இருந்து பாக்கணும்."

பின்சந்துச் சாக்கடை இன்னும் அப்படியேதான் இருந்தது. ஆபீஸ் உம்கொட்டி மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு காத்திருந்தான். மாமனார் அவனை அனுப்பிவிட்டார். "நீ கெளம்புப்பா. என் மாப்பிள்ளைக்கு நான் கொட்டுறேன்."

இழுவை மூக்கைப் பிடிக்காமல், மூச்சையே பிடித்துக்கொண்டு ஆரம்பித்தான். "ஒரு ஊர்ல ஒரு சாக்கடை இருந்துச்சாம்."

"ம்!" என்றார் மாமனார். தெருக்கோடிவரை கேட்டது.

"அதுல ஒரு அடைப்பு இருந்துச்சாம்."

"ம்! எதனால அடைப்பு?"

உம்கொட்டி கேள்வி கேட்கக் கூடாது. ஆனால் மாமனாரிடம் யார் சொல்வது? மரியாதையோடு கேட்கிறவரை எப்படி வாய்மூடச் சொல்வது? "எவனோ பழைய மெத்தையை உள்ள தள்ளிட்டானாம்" என்றான் அவசரத்தில்.

"ம்! சரியான காட்டானா இருப்பான் போல. ஆள் எப்படி?"

"குண்டா... மீசை வெச்ச ஆளாம்."

"ம்!"

சாக்கடைக்குள் 'பொத்' என்று எதுவோ விழுந்தது. கறுப்புத் தண்ணீர் பொங்கித் தெருவுக்கு வந்தது. கூடவே சந்து முனையிலிருந்து குண்டாக, மீசை வைத்த ஒருவர் வேகமாக வந்து இழுவையின் சட்டையைப் பிடித்தார்.

"யோவ், என் மெத்தை எங்கய்யா?"

"நீங்கதானே உள்ள தள்ளினீங்க?"

"தள்ளினது நான்தான். எதுக்குத் தள்ளினேன்? நீ சொன்னேன்னு தள்ளினேன். நான் இனிமே எதுல படுக்கிறது?"

நியாயமான கேள்விதான். அதற்குப் பதில் யோசிப்பதற்குள் மேனேஜரின் வண்டி வந்து, தண்ணீரில் இறங்கி, நின்றுவிட்டது. அவர் கன்னம் இன்னும் ஒருபக்கம் உப்பியிருந்தது. வாய் மட்டும் நன்றாகத் திறந்தது.

"யோவ் இழுவை, இந்த மாவுக்கட்டுக்காரர்தான் உன் மாமனாரா?"

"ஆமா சார்."

"எனக்கு நீ போன் பண்ணது விடியக்காலையில. ஐயா, நீங்க எப்ப விழுந்தீங்க?"

"அன்னிக்குக் காலையிலதான், நல்ல வெயில் வந்த பிறகு," என்றார் மாமனார் வெள்ளந்தியாக. "ஏன் கேக்குறீங்க?"

மேனேஜர் இழுவையை ஏற இறங்கப் பார்த்தார். "நான் ஆபீஸ் வர்றதுக்கு முன்னாலயே எனக்கு நீ போன் பண்ணிட்டே. இவர் விழறதுக்கு முன்னாலயே இவர் விழுந்தது உனக்குத் தெரிஞ்சிருக்கு. சாயங்காலம் உன் வீட்டுக்கு வர்றேன். நாக்குச் சீட்டை எடுத்து வை."

"சார், என் மாப்பிள்ளையை ஒண்ணும் சொல்லாதீங்க," என்று மாமனார் கட்டையை ஊன்றிக்கொண்டு குறுக்கே வந்தார். சாக்கடைத் தண்ணீர் அவர் மாவுக்கட்டை நனைத்தது. "பெத்த மகன் மாதிரி என்னைப் பாத்துக்கிறாரு. நான்தான் அவரை இத்தனை வருஷமா மட்டமா பேசிக்கிட்டு இருந்தேன்."

இழுவைக்கு வெட்கத்தில் உடம்பு கூசியது. அந்தச் சாக்கடையிலேயே இறங்கி நின்றுகொள்ளலாம் போலிருந்தது. கதையில் கட்டின மரியாதைதான் என்றாலும், நனைந்த அந்த மாவுக்கட்டு கதையில்லை.

சாயங்காலம் கூடத்தில் மேனேஜர் கட்டில் ஓரமாக உட்கார்ந்திருந்தார். டிரைவர் சீட்டில் மாமனார். மெத்தைக்காரர் வாசப்படியை அடைத்துக்கொண்டு, "மெத்தை வராம நான் எந்திரிக்க மாட்டேன்" என்று உட்கார்ந்திருந்தார்.

"உன் மனைவியைக் கூப்பிடு. அவங்க எதிர்லயே விசாரிச்சிடுறேன்," என்றார் மேனேஜர்.

"இதோ சார்" என்று உள்ளே ஓடினான். நல்லவேளை, மனைவி போனில் இருந்தாள். வேலை போனால் வேறு வேலை தேடலாம். அப்பன் காலை உடைத்தவன் என்று தெரிந்துவிட்டால் இவள் முகத்தில் எப்படி விழிப்பது? கதவோரம் நின்றவனுக்கு நாக்கு குழறியது.

"மேனேஜர் எல்லாத்தையும் மறந்துட்டாராம்."

பதிலே இல்லை. மெஷின் ஓடிக்கொண்டிருந்தது.

"மேனேஜர் வந்த விஷயத்தையே மறந்துட்டாராம்!"

"சும்மா மறப்பாங்களாடி?" என்றாள் அவள் போனில். "ஒண்ணு வேணும்னா ஒண்ணை விட்டுக்கொடுக்கணும்ல?"

இழுவைக்குப் பளிச்சென்று புரிந்தது. கதைக்கு ஒரு ஞாயம் வேண்டாமா? செய்த தப்புக்கு ஈடாக ஏதாவது கொடுத்தால்தானே கதை நிற்கும்? கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு சொன்னான்.

"அந்த மருமகன், மாமனாரைக் கடைசி வரைக்கும் தன் வீட்லயே வெச்சு, ஒரு முகச்சுளிப்பு இல்லாம பாத்துக்கிட்டானாம். அதனால மேனேஜர் வந்த விஷயத்தையே மறந்துட்டாராம்."

மெஷின் நின்றது.

"ம்," என்றாள் அவள். அவள் குரல் லேசாகத் தழுதழுத்தது. "ம். ம். அப்படியே அந்த மீசைக்காரருக்கும் ஒரு வழி பண்ணச் சொல்லுடி, பாவம்."

"மருமகன் தன்னோட மெத்தையை எடுத்து அவருக்குக் கொடுத்துட்டானாம்."

"ம்!"

கூடத்துக்கு அவன் திரும்பியபோது மேனேஜர் கன்னத்தைத் தடவிக்கொண்டு எழுந்து நின்றிருந்தார். "நான் எதுக்குய்யா இங்க வந்தேன்? சரி, வந்தது வந்தேன், நாளைக்கு அந்தச் சாக்கடையைப் பாரு," என்று சொல்லிவிட்டுப் போனார். இழுவையின் கைகள் அவன் உத்தரவு இல்லாமலே படுக்கையறையிலிருந்து மெத்தையைச் சுருட்டி வந்து மெத்தைக்காரர் தலையில் ஏற்றின. அவரும் பெரிய மனசோடு, "தலகாணி?" என்று கேட்டு அதையும் வாங்கிக்கொண்டு போனார்.

வீடு அமைதியானது. நாக்குச் சீட்டு தப்பியது. மனைவிக்கு எதுவும் தெரியாது. வெறும் கட்டிலைப் பார்த்தபோது முதுகு வலித்தது உண்மைதான். ஆனால் மாமனார் டிரைவர் சீட்டில் தலை சாய்ந்து குழந்தை மாதிரி தூங்குவதைப் பார்த்தபோது, இதை இவள் கேட்டபோதே செய்து தொலைத்திருக்கலாமே என்று தோன்றியது.

வாசலில் மணி அடித்தது. கையில் ஒரு பையோடு மனைவியின் தங்கை நின்றாள்.

"வாம்மா வா. அப்பாவைப் பாக்க வந்தியா? தூங்குறாரு," என்றான் இழுவை. தப்பித்துவிட்ட சந்தோஷத்தில் குரல் குழைந்தது. "சத்தம் போடாம உள்ள போய் உக்காரு. உங்க அக்கா போன்ல பேசிக்கிட்டிருக்கா."

"யார்கிட்ட அத்தான்?"

"வேற யார்கிட்ட, உன்கிட்டதான்."

சொன்ன பிறகுதான் அவனுக்கு வாய் திறந்தபடி நின்றது. உள்ளேயிருந்து "ம்... சொல்லுடி... ம்..." என்று கேட்டுக்கொண்டே இருந்தது.

தங்கை கண்ணை உருட்டினாள்.

"என்கிட்டயா? அப்பா வந்த அன்னிக்கே அக்கா போன் தண்ணித் தொட்டியில விழுந்து செத்துப்போச்சே அத்தான்!"